மாப்பிள்ளை மரத்து மேல இருந்தாரு

சாமி சத்தியமா சொல்றேன் தம்பி, இப்ப நான் சொல்லப்போறதுல ஒரு சொல்லு பொய் கிடையாது. பொய்யா இருந்தா இந்த பஸ்ஸு டயரு வெடிச்சுப் போகட்டும். வேணாம், டயரு வேணாம், நீங்களும்ல உக்காந்திருக்கீங்க. என் செருப்பு வாரு அறுந்து போகட்டும். அது ஏற்கெனவே அறுந்துதான் கிடக்கு. இருந்தாலும் சத்தியம் சத்தியந்தான்.

கொஞ்சம் இப்படி நகந்து உக்காருங்க. சத்தமாப் பேச முடியாது. முன்னாடி பாருங்க, டிரைவருக்குப் பின்னால ரெண்டாவது சீட்டு, சன்னலோரம், மாம்பழக் கலரு சேலை. அப்படி முறைச்சுப் பாக்காதீங்க, சும்மா ரோட்டைப் பாக்கற மாதிரி பாருங்க. அதான் என் வீட்டுக்காரி, தையல்நாயகி. சுத்தி நிக்கிற பொம்பளைங்க எல்லாம் வயித்தைப் புடிச்சுக்கிட்டு சிரிக்கிறாங்களே, அங்கயும் ஒரு கதை ஓடுது. அங்க ஓடுறதும் என் கதைதான். ஆனா அதுல பாதி புளுகு. அசல் சரக்கு இங்க, பின் சீட்டுலதான் இருக்கு.

எனக்கு வர்ற ஆனி கடைசி வெள்ளிக்கிழமை அறுபதாம் கல்யாணம். அது நான் நினைச்சபடி நடக்குமா, இல்ல அடியோட கவுந்துபோகுமான்னு இன்னிக்கு இந்த பஸ் கடக்கரையில போய் நிக்கறப்பத் தெரிஞ்சுடும். அதுவரைக்கும் நான் வாயைத் தொறக்கக் கூடாது. அப்படி ஒரு ஒப்பந்தம். இப்பத் தொறந்துதான் இருக்கேன். அது உங்களுக்கும் எனக்கும் மட்டும் தெரிஞ்சா போதும்.

என் பேரு பக்கிரிசாமி. தொழில் மைக்செட்டு. 'அஞ்சலை ஒலி ஒளி'ன்னு சீர்காழிப் பக்கம் கேட்டுப் பாருங்க. அஞ்சலை யாரு, உங்க பொண்டாட்டியான்னு எல்லாரும் கேப்பாங்க. இல்லங்க, என் அக்கா. அவதான் கையில கிடந்த வளையலைக் கழட்டிக் குடுத்து, இந்தாடா பக்கிரி, செட்டு வாங்குன்னா. அப்ப அவ பேரைத்தான வெக்கணும். இதுல என்ன தப்பு? தையலுக்கு அது தப்பு. சரி, அதுக்கு வர்றேன்.

படிப்பா? பள்ளிக்கூடம் போனேன். மூணாங்கிளாஸ் வாத்தியாரு, 'இவன் வாயை மூடுனாத்தான் நான் பாடம் நடத்துவேன்'னாரு. நான் மூடலை. அவரும் நடத்தலை. அத்தோட முடிஞ்சுது. ஆனா நம்ம வட்டாரத்துல ஒரு காதுகுத்து, ஒரு சடங்கு, ஒரு கல்யாணம், தேரு, திருவிழா, கட்சிக் கூட்டம், சாவு, எதுவா இருந்தாலும் நம்ம குழாய் ஸ்பீக்கருதான் கத்தும். மாட்டு டாக்டருக்குக்கூட இவ்வளவு அழைப்பு வராது.

உங்களுக்கு ஒண்ணு சொல்றேன் கேளுங்க. ஒருத்தன் முழுசா வாழ்ந்தானா, அரையும் குறையுமா வாழ்ந்துட்டுப் போனானான்னு சாமியாரைக் கேட்டா பொழுது சாயற வரைக்கும் பேசுவாரு. என்னைக் கேட்டா ஒரே பேச்சு. அவன் சாவுக்கு எத்தனை குழாய் கட்டுனாங்கன்னு பாப்பேன். ஒத்தைக் குழாய்ல ஒருத்தன் போறான்னா பாவம், சரியா வாழலை. நாலு பக்கமும் கட்டி, ரோட்டு முனை வரைக்கும் சீரியல் பல்பு போட்டு, பக்கத்து ஊருல படுத்திருக்கிறவன் எந்திரிச்சு உக்காந்து யாருடா போனதுன்னு கேட்டான்னா, அதான் நிறைவாழ்வு. இதுல தப்பு இருந்தா சொல்லுங்க. காது கேக்கற யாரும் சொல்ல மாட்டாங்க.

என் மக மணிமொழி கும்பகோணத்துல கட்டிக் குடுத்திருக்கு. அதுதான் ஆரம்பிச்சுது. 'அப்பா, உங்களுக்கு அறுபது முடியப்போவுது, ஜம்முனு பண்ணிடுவோம்'னு. எனக்கு சொல்லணுமா? ஊரான் அறுபதாம் கல்யாணத்துக்கு எத்தனை கட்டியிருப்பேன். பெரிசு ரெண்டும் மாலையப் போட்டுக்கிட்டு, சல்லடை வழியா தலையில கலசத் தண்ணி ஊத்த ஊத்த வெடவெடன்னு நடுங்குறதை மைக்கைப் புடிச்சுக்கிட்டே பாத்தவன் நான். நமக்கும் ஒரு நாள் வரும்டா பக்கிரின்னு அப்பவே நினைச்சுக்குவேன். மண்டபம் பாத்தாச்சு. எந்தெந்த மூலையில குழாய் கட்டறதுன்னும் பாத்தாச்சு. அறிவிப்பு நானே பேசி பென்டிரைவுல ஏத்தியாச்சு. 'அறுபது ஆண்டுகள் நிறைவாழ்வு வாழ்ந்து, இல்லறத்தை நல்லறமாக்கி, அனைவர் இல்லத்துக்கும் ஒலி தந்த வள்ளல்...' வாடகைக்குத்தான் தந்தேன். இருந்தாலும் ஒரு எடுப்பா இருக்கட்டுமேன்னு வள்ளல் போட்டேன்.

அதை வீட்டுல போட்டுக் காட்டுனேன். தையலு கொல்லைப்பக்கம் நெத்திலி ஆஞ்சுக்கிட்டு இருந்தா. முழுசாக் கேட்டா. கேட்டுட்டுத் தலையை நிமித்தாம, "இது யாரு வீட்டு விசேஷம்?"னா.

"நம்ம வீட்டுதுதான்டி. நமக்கு அறுபதாம் கல்யாணம்."

"அறுபது உங்களுக்கு. எனக்கு இன்னும் வரலை."

"பொண்டாட்டி இல்லாம நான் யாரைக் கட்டறது?"

"மொத தடவை கட்டுனதை யாரு முடிச்சு வெச்சாங்களோ, அவங்களைக் கூப்பிடுங்க. உங்க அக்காவை."

இந்த இடத்துல நீங்க என் கல்யாணத்தைப் பத்தித் தெரிஞ்சுக்கணும். அங்க முன்னாடி சொல்றதை நம்பாதீங்க. நடந்தது இதுதான்.

அப்பத்தான் செட்டு வாங்கியிருக்கேன். புத்தம் புதுசு, பெட்டி வாசனைகூடப் போகலை. என் கல்யாணந்தான் அதுக்கு மொத விசேஷம். சொந்த செட்டை வெச்சுக்கிட்டு அடுத்தவன் செட்டை வாடகைக்கு எடுத்து நான் தாலி கட்டுனா ஊரு சிரிக்காதா? அவங்க வீட்டு வாசல்ல பந்தல். பந்தலோரம் ஒரு தென்னை மரம், அதுல குழாய். ஐயரு தாலியக் குடுத்தாரு, கெட்டிமேளம் கொட்டுச்சு, நான் மொத முடிச்சைப் போட்டேன். போட்டதும் பாருங்க, குழாய் கூஊஊன்னு ஒரு ஊளை. அடுத்து ஒண்ணும் இல்லை. செத்துப்போச்சு. மேளச் சத்தம் மட்டும் பந்தலுக்குள்ள தனியா கேக்குது, வெளியில போறவனுக்குத் தெரியுமா இங்க கல்யாணம் நடக்குதுன்னு?

எந்திரிச்சேன். பட்டு வேட்டிய மடிச்சுக் கட்டுனேன். ஏறிட்டேன். மாலையோடதான் ஏறுனேன், பாதி மாலை மரத்துக்குப் போச்சு.

மிச்ச ரெண்டு முடிச்சை அஞ்சலை அக்கா போட்டுச்சு. அது முறைங்க. நாத்தனாரு முடிச்சு எல்லாக் கல்யாணத்துலயும் உண்டு. அதுவரைக்கும் சரிதான். அதுக்கப்புறம் ஐயரு மாப்பிள்ளை எங்க, மாப்பிள்ளை எங்கன்னு சத்தம் போடறாரு. நான் மேலேருந்து இந்தா வந்துட்டேன், இந்தா வந்துட்டேங்கறேன். ஒயரு கிடைக்கலை. நல்ல நேரம் போவுதுன்னு அஞ்சலை பொண்ணு கையைப் புடிச்சு இழுத்து, அக்கினியை சுத்தி வந்துடுச்சு. அம்மி மிதிக்க வெச்சுடுச்சு. மெட்டியும் போட்டுடுச்சு. குங்குமம்? அதையும்தான். கையில ஒட்டியிருந்துச்சாம், அப்படியே வெச்சு விட்டுடுச்சு.

அத்தனையும் நான் பாத்துக்கிட்டுத்தான் இருந்தேன். தன் கல்யாணத்தை முழுசா மேலேருந்து பாக்கறதுக்கு எத்தனை பேருக்குக் குடுத்து வெச்சிருக்கு சொல்லுங்க. கீழ உக்காந்திருந்தா புகையில கண்ணுதான் எரிஞ்சிருக்கும். அதுவுமில்லாம மாப்பிள்ளை செத்த நேரம் இல்லாட்டி கல்யாணம் நின்னா போயிடுச்சு? பாட்டு நின்னுருந்தா வந்த சனம் ஒருத்தர் மூஞ்சிய ஒருத்தர் பாத்துக்கிட்டுப் பேசிக்கிட்டுல்ல உக்காந்திருக்கும். அவமானம்.

இதையேதான் தையலுகிட்டயும் சொன்னேன், நெத்திலியப் பாத்துக்கிட்டே கேட்டா. கேட்டுட்டு, "நிறைவாழ்வுன்னு சொன்னீங்களே, எதை வெச்சு சொன்னீங்க?"ன்னா.

"இந்தச் சுத்துவட்டாரத்துல நான் இல்லாம ஒரு விசேஷம் நடந்திருக்கா?"

"நம்ம வீட்டு விசேஷமெல்லாம் நடந்திருக்கு."

"என்னத்தை நடந்துச்சு?"

"மணிமொழி பொறந்தப்ப எங்க இருந்தீங்க?"

"தேரு."

"அது வயசுக்கு வந்தப்ப?"

"எலெக்‌ஷன் நேரம்டி. அஞ்சு வருஷத்துக்கு ஒருக்கா வர்றது."

"எங்கப்பா செத்தப்ப?"

மாட்டிக்கிட்டா பாருங்க. "அங்கதான்டி இருந்தேன். உன் பக்கத்துலயேதான இருந்தேன்."

"இருந்தீங்க. நான் அழுவறது சரியாக் கேக்கலைன்னு மைக்கை வாய்க்கிட்டக் கொண்டாந்து வெச்சுட்டுப் போனீங்க."

"அன்னிக்கு உன் அழுகை மூணு ஊருக்குக் கேட்டுச்சு தையலு. எவ புருஷன் செய்வான்?"

அவ நெத்திலிய எடுத்துக்கிட்டு எந்திரிச்சு உள்ள போயிட்டா. அன்னிக்கு என் தட்டுல குழம்பு மட்டுந்தான் இருந்துச்சு, மீனைக் காணோம். ஏன்னு கேட்டேன். "மீனு மரத்து மேல இருக்கு"ன்னா.

சரி, பொம்பளைக்குப் பொம்பளை பேசுனா சரியாகும்னு அஞ்சலை அக்காவை அனுப்புனேன். இப்ப நினைச்சா அதுதான் தப்பாப் போச்சு. அக்கா உள்ள நுழையறதுக்குள்ள தையலு முந்தானைய இழுத்துப் போத்திக்கிட்டு வாசலுக்கு ஓடியாறா. "வாங்க வாங்க, இப்பத்தான் வீட்டுக்கு வழி தெரிஞ்சுதா? கட்டுனவளை இப்படித்தான் வருஷக் கணக்கா தவிக்க விடறதா? காலு அமுக்கி விடவா? மெட்டி தேஞ்சு போச்சு, எப்ப மாத்தித் தருவீங்க?"ங்கறா. கும்பிட்டுக் கால்ல வேற விழப் போறா. அஞ்சலை அக்காவுக்குச் சிரிச்சுச் சிரிச்சு விக்கல் வந்துடுச்சு. எதுக்கு வந்தோம்கறதையே மறந்துட்டு, தூக்கு நிறையக் கருவாட்டுக் குழம்பு வாங்கிக்கிட்டுப் போயிடுச்சு. வாசல்ல நின்ன என்கிட்ட, "டேய் பக்கிரி, தங்கமான பொண்டாட்டிடா எனக்கு"ன்னுட்டுப் போவுது.

ஐயரைப் போய்ப் பாத்தேன். "சாமி, பொண்டாட்டி உக்காராம தனியாப் பண்ணிக்க முடியுமா?"ன்னேன். "பண்ணலாமே, அதுக்கு நீரு இருக்கணும்னுகூட இல்லை. நீர் போனப்புறம் வீட்டுல திவசம்னு பண்ணுவா"ன்னுட்டாரு. ஐயருக்கும் வாய் நீண்டுடுச்சு.

மக வேற, அம்மா தலையாட்டாம மண்டபத்துக்கு அட்வான்ஸ் குடுக்க மாட்டேன்னுடுச்சு.

இதுக்கு நடுவுலதான் இந்த பஸ் விவகாரம். பொம்பளைங்களுக்கு டவுன் பஸ்ஸுல காசு இல்லைன்னு ஆனதுலேருந்து தையலு இப்படித்தான். மத்தியான சோறு ஆனதும் பாத்திரத்தைக் கவுத்துட்டு, ஒரு மஞ்சப் பையை மாட்டிக்கிட்டுக் கிளம்பிடுவா. விளக்கு வெக்கற நேரத்துக்குத் திரும்பிடுவா. "எங்கடி போற?"ன்னு கேட்டா, "சும்மா"ங்கறா. சும்மான்னா? "பஸ்ஸு போற வரைக்கும் போறேன். அது திரும்பறப்பத் திரும்பறேன்." கோயிலுக்குன்னா சரி. கடைக்குன்னா சரி. யாரு வீட்டுக்காவதுன்னாலும் சரி. சும்மா ஒரு மனுஷி பஸ் ஏறுவாளா தம்பி? எனக்கு மண்டை காஞ்சு போச்சு. திரும்பி வர்றப்பப் பையில கொய்யாப்பழம் இருக்கும், வேர்க்கடலை இருக்கும், ஒரு நாளு பொடி மீனு, ஒரு நாளு முல்லைப்பூ. யாரு குடுத்தாங்கன்னா, "குடுத்தாங்க." நானும் கொய்யாவைத் தின்னுட்டுப் பேசாம இருந்துட்டேன். நல்ல கொய்யா.

ஐயருகிட்டப் போயிட்டு வந்த அன்னிக்கு அவளே பேச்சுக்கு வந்தா. "நான் உக்காரணும்னா ஒண்ணு செய்யுங்க. தினமும் என்கூட பஸ்ஸுல வாங்க. பின் சீட்டுல உக்காருங்க. பஸ்ஸு கடைசி ஸ்டாப்புல நிக்கற வரைக்கும் வாயைத் தொறக்கக் கூடாது. வர்ற வியாழக்கிழமை வரைக்கும் அப்படி இருந்துட்டா, உங்க மண்டபம், உங்க குழாய், உங்க வள்ளலு, எல்லாத்துக்கும் தலையாட்டறேன்."

"தொறந்துட்டா?"

"நான் சொல்றபடி."

"நீ சொல்றபடின்னா எப்படி?"

"தொறந்து பாருங்க, தெரியும்."

எனக்கு வாயை மூடிப் பழக்கம் இல்லை தம்பி. பல்லு புடுங்கறப்பகூட டாக்டருகிட்டப் பேசிக்கிட்டேதான் இருந்தேன், அவருதான் தப்பான பல்லைப் புடுங்கிட்டாரு. ஆனா மண்டபம் கண்ணுல நிக்குதே. சரின்னுட்டேன்.

மொத நாளு ஏறுனேன். அவ படியில காலு வெக்கறதுக்குள்ள, "தையலக்கா வந்தாச்சு"ன்னு ஒரு சத்தம். சன்னலோரச் சீட்டுல பையைப் போட்டு வெச்சிருக்காங்க, அவளுக்கு. கண்டக்டரு டிக்கெட்டைக் கிழிச்சுக்கிட்டே, "அக்கா, நேத்து எங்க விட்டீங்க?"ங்கறாரு. தொண்டையை ஒரு தடவை கனைச்சுக்கிட்டா. ஆரம்பிச்சா.

தம்பி, நான் எத்தனை பேரு கையில மைக்கைக் குடுத்திருப்பேன். பட்டிமன்றக்காரங்க, வில்லுப்பாட்டுக்காரங்க, மந்திரிக்கு முன்னாடி பேசறவங்க, பின்னாடி பேசறவங்க. பாதிப் பேரு குரலை நான்தான் திருகித் திருகி மனுஷக் குரலாக்குவேன். இவ ஒரு ஒயரு இல்லாம, இஞ்சின் சத்தத்துக்கு மேல, கடைசி சீட்டு வரைக்கும் ஒவ்வொரு சொல்லும் தெளிவா வருது. எங்க நிறுத்தணும், எங்க இறக்கணும், எங்க சும்மா சன்னலைப் பாக்கணும்னு எல்லாம் தெரியுது. தொழில்காரன் சொல்றேன், அந்தத் தொண்டைக்குக் குழாய் தேவையில்லை. அது இத்தனை வருஷமா என் வீட்டு அடுப்படியில இருந்திருக்கு. என்கிட்ட யாரும் சொல்லலை.

சரி, குரலு நல்லாருக்கு, கதை என்னன்னு காதைக் குடுத்தா, 'எங்க வீட்டு ஆளு'ன்னு ஆரம்பிக்குது. எங்க வீட்டு ஆளு தூக்கத்துல எந்திரிச்சு ஹலோ மைக் டெஸ்டிங்னாரு. எங்க வீட்டு ஆளு தும்முனாக்கூட எக்கோ வெச்சுத் தும்முவாரு. கடைசியில அந்தத் தென்னை மரம். "மாலையும் கழுத்துமா மரத்துல ஏறுனவரு, இன்னிக்கு வரைக்கும் இறங்கலைடி. அதான் நான் பஸ்ஸுல ஏறிட்டேன்"னா பாருங்க. டிரைவரு சிரிச்ச சிரிப்புல வண்டி ஒரு எருமைக்குக் கிட்டப் போயிட்டு வந்துச்சு.

பச்சைப் பொய் தம்பி. நான் கெட்டிமேளம் அடங்கறதுக்குள்ள இறங்கிட்டேன். சரி, மொத பந்திக்குள்ள. ரெண்டாவது பந்தின்னே வெச்சுக்குங்களேன். எனக்கு இலை போட்டாங்க, பாயசம் தீந்துபோச்சு, அவ்வளவுதான். அதை எந்திரிச்சு சொல்ல முடியாம நான் பட்ட பாடு இருக்கே. நாக்கைக் கடிச்சுக்கிட்டு உக்காந்திருந்தேன். அப்பத்தான் எனக்குப் புரிஞ்சுது, நான் தின்ன கொய்யாவெல்லாம் எதுக்கு வந்த கூலின்னு. என்னைக் கிண்டல் பண்ணி சம்பாதிச்சு எனக்கே போட்டிருக்கா.

நல்லவேளை, அந்த ஆளு நான்தான்னு இங்க ஒருத்தருக்கும் தெரியாது. அந்த மட்டுக்கும் மானம் தப்பிச்சுது. முந்தாநாளு, முன்னாடி நிக்குதே அந்த மீன்காரம்மா, என்னையே பாத்துட்டு, "பின்னாடி உக்காந்திருக்கற பெரியவரு பாவம், பேச்சு வராதோ?"ன்னு கேட்டுச்சு. தையலு, "அவருக்கு அது மட்டுந்தான் வரும், இப்ப ரிப்பேருல இருக்கு"ன்னா. எல்லாரும் எதுக்கோ அப்படி சிரிச்சாங்க. எதுக்குன்னு எனக்குப் புரியலை. பெரியவராம். அறுபது இன்னும் முழுசா முடியலை.

கடைசி ஸ்டாப்புல என்ன பண்றான்னு கேக்கறீங்களா? ஒண்ணும் பண்ணலை. இறங்கி, செருப்பைக் கையில எடுத்துக்கிட்டு நேரா கடலுக்குப் போறா. நானும் பின்னாலயே போனேன், ஒப்பந்தம் பஸ்ஸுக்குத்தான்னாலும் எதுக்கு வம்புன்னு அங்கயும் வாயைத் தொறக்கலை. சேலையைக் கொஞ்சம் தூக்கிப் புடிச்சுக்கிட்டுத் தண்ணியில நின்னா. நின்னவ, "இதைப் பாத்திருக்கீங்களா?"ன்னா. இது என்ன கேள்வி? மாசி மகத்துக்கு வருஷா வருஷம் அந்தக் கரையில நான்தான குழாய் கட்டறேன். பாத்திருக்கேன்னு தலையாட்டுனேன்.

"கடலைப் பாத்தீங்களா, கடலுக்கு முதுகைக் காட்டிக்கிட்டு ஆம்ப்ளிஃபயரைப் பாத்தீங்களா?"

என்ன சொல்றது? வாயைத் தொறக்காம இருந்தது நல்லதாப் போச்சு, இல்லாட்டி பதில் இல்லாம மாட்டியிருப்பேன். அவ இந்தக் கடலைப் பாத்ததே பஸ்ஸு ஓசியானதுக்கு அப்புறந்தானாம். வீட்டுலேருந்து ஒரே பஸ்ஸு தூரத்துல கடலு, இவ்வளவு வயசுக்கு அப்புறம் பாத்திருக்கா. என்கிட்ட சொல்லியிருந்தா மாசி மகத்துக்கு செட்டு வண்டியில ஏத்திட்டு வந்திருப்பேன். ஜெனரேட்டரு பக்கத்துல எடம் இருக்கும்.

ரெண்டு பேரும் நின்னோம். அலை வந்துச்சு, போச்சு. தொழில்காரன் காதுக்கு சொல்றேன், பேஸு நல்லாருக்கு, ட்ரெபிளு பத்தாது. அவ என்னமோ அதுக்குத் தலையாட்டிக்கிட்டு நின்னா. மூஞ்சி வேற மாதிரி இருந்துச்சு. பொண்ணு பாக்கப் போனப்ப இப்படித்தான் இருந்திருப்பா போல. அன்னிக்கு நான் அவங்க வீட்டு ரேடியோவைத்தான் பாத்தேன், அதுல ஒரு வால்வு போயிருந்துச்சு.

அப்புறம் என்ன, தினமும் இப்படியே ஓடிச்சு. இன்னிக்குத்தான் வியாழக்கிழமை. இன்னும் ரெண்டு ஸ்டாப்பு தாண்டிட்டா மண்டபம் எனக்கு. நீங்க மட்டும் 'என்ன பெரியவரே, அங்க எதுக்கு சிரிக்கிறாங்க, உங்களுக்குத் தெரியுமா'ன்னு கேக்காம இருந்திருந்தா நான் இந்நேரம் ஊமையாவே வந்திருப்பேன். எப்படிங்க பேசாம இருக்கறது? அங்க பொய் ஓடுது, இங்க நீங்க கேக்கறீங்க.

என்னங்க, சத்தத்தைக் காணோம்? சிரிப்பு நின்னுடுச்சு. எல்லாரும் எதுக்கு இந்தப் பக்கம் திரும்பறாங்க?

தம்பி, அந்த மீன்காரம்மா கையைத் தட்டுது. "நான் ஜெயிச்சேன், நான் ஜெயிச்சேன்"ங்குது. என்னாம்மா ஜெயிச்ச? என்ன பந்தயம்? நான் எப்பப் பேசுவேன்னா? எல்லாருமா கட்டுனீங்க? அப்ப நான் யாருன்னு... மொத நாளேவா தெரியும்? கண்டக்டரு, நீங்களுமா? நீங்க எதுக்குக் கட்டுனீங்க? மொத ஸ்டாப்புலயே பேசிடுவேன்னா? தோத்தீங்கல்ல. நல்லா வேணும்.

அந்தக் கொய்யாக் கூடைக்காரம்மா உங்களைப் பாத்து சிரிக்குதே தம்பி. தெரிஞ்சவங்களா? அம்மாவா? உங்க அம்மாவா? இந்தாளு பக்கத்துல போய் உக்காந்து பேச்சுக் குடுடான்னு அவங்கதான் அனுப்புனாங்களா? அடப் பாவி. மூஞ்சியப் பாரு, பச்சைப் புள்ளை மாதிரி வெச்சுக்கிட்டு.

இருங்க, தையலு ஏதோ சொல்றா.

என்னடி? நீ எந்தப் பக்கம் கட்டுன? நான் கடைசி வரைக்கும் பேச மாட்டேன்னா? இத்தனை பேருல நீ ஒருத்தியா? ஏன்டி, என்னைத் தெரிஞ்சிருந்தும் போய் அப்படிக் கட்டலாமா?

கேட்டீங்களா தம்பி. "ஒண்ணையாவது எனக்காக முழுசா முடிப்பீங்கன்னு நினைச்சேன்"ங்கறா. சிரிச்சுக்கிட்டேதான் சொல்றா. ரெண்டே ரெண்டு ஸ்டாப்பு தம்பி. ரெண்டு ஸ்டாப்பு.

நீங்களாவது எதாவது பேசுங்களேன்.

சரிடி, சொல்லு. தோத்துட்டேன். நீ சொல்றபடி. அறுபதாம் கல்யாணமே வேணாம்னு சொல்லப்போற, அதான?

இல்லையாம். உண்டாம். மண்டபம் வேணாமாம். கடைசி ஸ்டாப்புல அம்மன் கோயிலு இருக்கு, அங்கதானாம். இந்த பஸ்ஸு சனமெல்லாம் வரணுமாம். அஞ்சலை அக்கா வந்து சாப்பிட்டுட்டுப் போகட்டுமாம், கயித்துல கை வெக்கக் கூடாதாம். மூணு முடிச்சும் நான்தானாம். குழாய்? ஒத்தைக் குழாயாவது? அதுவும் கிடையாதாம். மரமே இல்லாத எடமாப் பாத்து வெச்சிருக்காளாம்.

அப்ப நிறைவாழ்வுன்னு யாருடி அறிவிக்கறது?

"நிறைஞ்சா நானே சொல்றேன், எனக்கு மைக்கு வேணாம்"ங்கறா. கேக்கறீங்களா அந்தக் குரலை? பின்னாடி வர்ற லாரிக்காரனுக்கே கேட்டிருக்கும்.

பக்கத்து சீட்டுக்காரம்மா எந்திரிச்சு எடம் விடுது. என்னை அங்க வந்து உக்காரச் சொல்றாங்க. இத்தனை பேரு பாக்கறப்பப் பொண்டாட்டி பக்கத்துல போய் எப்படி உக்காரறது? எனக்குப் பழக்கமே இல்லை. கையை எங்க வெச்சுக்கறது? சரி, போறேன், போறேன்.

கதை கேட்டீங்கல்ல தம்பி? ஓசியிலயா கேட்டீங்க? உங்களால மண்டபம் போச்சு, குழாய் போச்சு, எம் பேச்சுல வள்ளலும் போச்சு. கண்டக்டரு வர்றாரு. அவளுக்கு டிக்கெட்டுக்குக் காசு இல்லை, எனக்கு உண்டு, நான் இன்னும் எடுக்கலை. கடைசி ஸ்டாப்பு ஒண்ணுன்னு எடுத்துடுங்க. சில்லறை இல்லைன்னு மட்டும் சொல்லாதீங்க. உங்க அம்மா கொய்யா வித்த காசு உங்க சட்டைப் பையில குலுங்கறது ஏறுனதுலேருந்து எனக்குக் கேட்டுக்கிட்டுத்தான் இருக்கு.